கண்ணாடியை எரிக்குமுன்



சென்ற ஞாயிறு ஆராதனை முடிந்து எல்லாரும் கலைந்தபின், ஒரு சகோதரி செய்தித்தாளில் சுற்றிய தடித்த புத்தகம் ஒன்றை என் கையில் கொடுத்தார். மகனுடைய மேசையிலிருந்து எடுத்து வந்தாராம். "ஐயா, இதில் காலத்தைக் காட்டுகிற மாயக் கண்ணாடி வருகிறதாம். வீட்டில் வைத்திருக்கலாமா, எரித்துவிடலாமா?" என்று கேட்டார். பிரித்துப் பார்த்தேன். ஜே. ஆர். ஆர். டோல்கீன் எழுதிய 'த லார்ட் ஆஃப் த ரிங்ஸ்'.

எரிக்கவேண்டாம், என்னிடம் இருக்கட்டும் என்று வாங்கிவைத்தேன். ஆனால் அவருடைய கேள்வியை அவ்வளவு எளிதாக மேசையில் வைத்துவிட்டுப் போக என்னால் கூடவில்லை. இதே சகோதரி இரண்டு மாதங்களுக்குமுன் வெளியூரிலிருந்து வந்த ஓர் ஊழியரைத் தம் வீட்டிற்கு அழைத்து, மகனுடைய எதிர்காலத்தைக் குறித்து "ஆண்டவர் என்ன காண்பிக்கிறார்" என்று விசாரித்திருந்தார். அந்த ஊழியர் கண்களை மூடிச் சற்று நேரம் இருந்துவிட்டு, பையன் வெள்ளை அங்கி அணிந்து கடல்கடந்த தேசத்தில் நிற்கிறதைக் காண்கிறேன் என்றார். காணிக்கை உறையைப் பெற்றுக்கொண்டு போனார். வரலாறு படிக்க ஆசைப்பட்ட அந்தப் பிள்ளை இப்போது மருத்துவ நுழைவுத் தேர்வுக்காக இரண்டாம் வருடமும் பயிற்சி வகுப்பில் உட்கார்ந்திருக்கிறான். சகோதரியின் சம்மதத்தோடுதான் இதை எழுதுகிறேன். அவர் ஒருவரை மட்டும் குறித்து இதை எழுதவில்லை என்பது உங்களில் அநேகருக்குத் தெரியும்.

ஆகவே இந்த வாரம் அந்தப் புத்தகத்திலுள்ள கண்ணாடியைப் பற்றியே பேசுவோம். நம்மிடையே சில போதகர்கள் அதை வாசிக்காமலேயே மேடையில் சபித்துவருகிறார்கள். நான் இறையியல் கல்லூரியில் படித்த நாட்களில் அதை வாசித்தேன். இந்த வாரம் சில அதிகாரங்களை மறுபடியும் வாசித்தேன். அவர்கள் சொல்லுவது தவறு என்பது என் எண்ணம். தவறு மாத்திரமல்ல, நாம் எங்கே நடுங்கவேண்டுமோ அங்கே நடுங்காதபடி நம்மைத் திசைதிருப்புகிறது.

டோல்கீன் 1892ஆம் ஆண்டு பிறந்தவர். பன்னிரண்டு வயதில் தாயை இழந்து, ஒரு கத்தோலிக்கக் குருவின் பாதுகாப்பில் வளர்ந்தார். 1916இல் சோம் போர்க்களத்தில் நின்றார். பின்பு ஆக்ஸ்ஃபோர்டில் பேராசிரியராயிருந்தார். மரணபரியந்தம் பக்தியுள்ள கத்தோலிக்கர். 1954ஆம் ஆண்டு வெளிவந்த முதற்பாகத்தில்தான் நாம் பேசும் கண்ணாடி வருகிறது. கதையில் ஒரு தீய மோதிரம் உண்டு. அதை அழிப்பதற்காக ஃபிரோடோ என்னும் சிறு உருவத்தான் சத்துருவின் நாட்டிற்கே அதைச் சுமந்து போகிறான். அவனோடு போகிறவன் தோட்டக்காரனாகிய சாம். வழியில் லோத்லோரியன் என்னும் கானகத்தில், கலாட்ரியல் என்ற அரசி அவர்கள் இருவரையும் ஒரு மாலைவேளையில் தன் தோட்டத்துப் பள்ளத்திற்கு அழைத்துப்போகிறாள்.

அங்கே இருப்பது நாம் சுவரில் மாட்டும் கண்ணாடி அல்ல. ஆழமில்லாத ஒரு வெள்ளித் தொட்டி. ஓடையின் நீரை அதில் ஊற்றி, அதன்மேல் ஊதி, பாருங்கள் என்கிறாள். அது நடந்தவற்றையும், நடப்பவற்றையும், நடக்கக்கூடியவற்றையும் காட்டும். ஆனால் எது எந்தக் காலத்தைச் சேர்ந்தது என்று பிரித்துச் சொல்லாது. தண்ணீரைத் தொடக்கூடாது என்று எச்சரிக்கிறாள். பார் என்றும் பார்க்காதே என்றும் அவள் ஆலோசனை கொடுக்கிறதில்லை. இதை மந்திரம் என்று நீங்கள் சொல்லுகிறீர்கள், சத்துருவின் வஞ்சகத்திற்கும் அதே சொல்லைத்தான் வழங்குகிறீர்கள் என்று அவள் அந்தச் சொல்லையே ஐயத்தோடு கையாளுகிறாள்.

இப்பொழுது குற்றச்சாட்டைக் கேளுங்கள். அது அற்பமானதல்ல. உபாகமம் 18ஆம் அதிகாரத்தில் ஆண்டவர் அருவருக்கிறவர்களின் வரிசையில் அஞ்சனம் பார்க்கிறவன் வருகிறான். நம் முன்னோர் மத்தியில் பொருள் களவுபோனால் வெற்றிலையில் மை தடவி அதை உற்றுப்பார்க்கச் செய்யும் வழக்கம் இருந்ததை முதியவர்கள் அறிவார்கள். நம்முடைய வேதாகமத்தை மொழிபெயர்த்தவர்கள் தேர்ந்துகொண்டது சரியாக அந்த வழக்கத்தின் பெயரை. அப்படியிருக்க, வெள்ளித் தொட்டியில் நீர் ஊற்றிப் பார்ப்பது வேறு என்ன என்று கேட்பவர்களை நான் இகழமாட்டேன். அந்தச் செயலை இன்று ஒருவர் தம் வீட்டுக் கூடத்தில் செய்வாரானால் அது பாவம். அதில் எனக்கு இரண்டாம் கருத்து இல்லை.

ஆயினும் ஒரு காரியத்தைக் கதையில் காட்டுவது வேறு, அதைக் கற்றுக்கொடுப்பது வேறு. எந்தோரில் அஞ்சனம் பார்க்கும் ஸ்திரீயின் வீட்டிற்குச் சவுல் வேஷம்மாறிப் போன இரவை வேதம் நமக்கு மறைக்கவில்லை. யோசேப்பின் வெள்ளிப் பாத்திரம் பென்யமீனின் சாக்கிலிருந்து எடுக்கப்படுமுன், அது அவன் குறிபார்க்கிற பாத்திரம் என்று சொல்லப்படுவதையும் வேதம் நீக்கிவிடவில்லை. அந்த வசனத்தை வாசித்துவிட்டு வீட்டுப் பாத்திரங்களை நாம் எரித்ததில்லையே! கதையில் மாயக் கண்ணாடி வருகிறதா என்பது குழந்தைத்தனமான கேள்வி. அதில் பார்த்தவனுக்கு என்ன நேர்ந்தது என்று கேட்கவேண்டும். அதைக் கேட்கப் புத்தகத்தைத் திறக்கவேண்டியிருக்கிறது. நம்மில் பலருக்கு அங்கேதான் இடர்.

சாமுக்கு என்ன நேர்ந்தது? அவன் பார்க்க ஆசைப்பட்டது பொன்னையோ புகழையோ அல்ல, தன் ஊரை. இருண்ட பாறைக்கடியில் தன் எஜமான் வெளிறிய முகத்தோடு படுத்திருப்பது முதலில் தெரிகிறது. பிறகு ஊர் தெரிகிறது. மரங்கள் வெட்டுண்டு விழுகின்றன. பழைய ஆலை இருந்த இடத்தில் செங்கல் கட்டடமும் புகைபோக்கியும் எழும்பியிருக்கின்றன. தன் வயதான தகப்பன் தட்டுமுட்டுச் சாமான்களை ஒரு தள்ளுவண்டியில் வைத்துக்கொண்டு தெருவில் போகிறார். சாம் துடித்துப்போய், நான் இப்போதே வீடு திரும்பவேண்டும் என்கிறான். நீங்களும் நானும் அப்படித்தான் சொல்லியிருப்போம்.

கலாட்ரியலின் பதில்தான் அந்த அதிகாரத்தின் உயிர். அதன் சாரம் இது: கண்ணாடி காட்டுகிறவற்றில் சில இன்னும் நடக்கவில்லை, சில நடவாமலே போகும், ஆனால் அவற்றைத் தடுக்கிறேன் என்று தன் வழியை விட்டு விலகுகிறவனாலேயே சில நடந்தேறும். ஆகையால் செய்யவேண்டியதைக் காட்டும் வழிகாட்டியாக இதைக் கொள்வது ஆபத்து. சாம் தரையில் உட்கார்ந்து தலையைக் கைகளில் தாங்கிக்கொள்கிறான். பிறகு, எஜமானோடு நீண்ட வழியாகவே வீடு போவேன், அல்லது போகாமலே இருப்பேன் என்று தீர்மானிக்கிறான்.

2001இல் வெளிவந்த திரைப்படத்தை மட்டும் பார்த்தவர்களுக்கு இது தெரியாது. அதில் ஃபிரோடோ ஒருவனே கண்ணாடியில் பார்க்கிறான், சாமைத் தூங்கவைத்துவிட்டார்கள். அந்த அதிகாரத்தின் பாதியை, என் பார்வையில் மேலான பாதியை, வெட்டிவிட்டார்கள்.

இந்த இடத்தை வாசித்தபோது எனக்கு அப்போஸ்தலர் 21ஆம் அதிகாரம் நினைவுக்கு வந்தது. செசரியாவில் பிலிப்புவின் வீட்டில் அகபு என்னும் தீர்க்கதரிசி பவுலின் கச்சையை எடுத்துத் தன் கைகால்களைக் கட்டிக்கொண்டு, இந்தக் கச்சைக்குரியவனை எருசலேமில் இப்படியே கட்டுவார்கள் என்று அறிவித்தார். அது மெய்யான தீர்க்கதரிசனம். கேட்டவர்கள் என்ன செய்தார்கள்? போகவேண்டாம் என்று பவுலிடம் அழுது மன்றாடினார்கள். பவுலோ கட்டப்படவும் மரிக்கவும் ஆயத்தமாயிருப்பதாகச் சொல்லிப் பயணத்தைத் தொடர்ந்தார். வருவதை அறிந்தது அவருடைய கடமையில் ஓர் எழுத்தையும் மாற்றவில்லை. இதே அகபு முன்னொரு தரம் பஞ்சம் வரும் என்று அறிவித்தபோது அந்தியோகியாவின் சீஷர்கள் தங்களுக்குத் தானியம் சேர்த்துவைக்கவில்லை. யூதேயாவிலிருந்த சகோதரருக்கு உதவி அனுப்பினார்கள். வேதத்தின் தீர்க்கதரிசனம் கேட்கிறவனை எந்தப் பக்கம் திருப்புகிறது என்பதைச் சற்று நிதானித்துப் பாருங்கள்.

கண்ணாடியைப் பற்றி இதைவிடக் கூர்மையான ஒன்றை டோல்கீன் இரண்டாம் பாகத்தின் கடைசி அதிகாரத்தில் வைத்திருக்கிறார். சத்துருவின் எல்லையில் ஒரு பெரிய சிலந்தி ஃபிரோடோவைக் கொட்டிவிடுகிறது. சாம் ஓடிவந்து பார்க்கிறான். இருண்ட பாறை, வெளிறிய முகம். தண்ணீரில் கண்ட அதே காட்சி! அன்று அதைப் பார்த்தபோது எஜமான் தூங்குகிறார் என்று நினைத்திருந்தான். இப்பொழுது, இல்லை, இறந்துவிட்டார் என்று முடிவுசெய்கிறான். உடலைச் சீராகக் கிடத்தி, அழுது, மோதிரத்தைத் தான் எடுத்துக்கொண்டு தனியே புறப்படுகிறான். சற்று நேரத்தில் எதிரிகளின் பேச்சு காதில் விழும்போதுதான் தெரிகிறது: ஃபிரோடோ சாகவில்லை, விஷத்தால் மயங்கிக் கிடந்தான். முதலில் நினைத்ததே சரி. கண்ணாடி காட்டியது அணுவளவும் பொய்யல்ல. காட்சி கண்முன் நிறைவேறிய அதே வேளையில், பார்த்தவன் அதைப் பிழையாக வாசித்தான். உயிரோடிருந்தவனை விட்டுப் புறப்பட்டான். அந்தப் பிழையாலேயே மோதிரம் சத்துருவின் கையில் சிக்காமல் தப்பியது என்பதும் மெய். அது சாமின் ஞானத்தினால் ஆனதல்ல, கண்ணாடியினாலும் ஆனதல்ல.

அந்தக் கதையில் வேறு பார்வைக் கருவிகளும் உண்டு. பலந்தீர் என்னும் கற்கள். ஒரு நகரத்தை ஆளுகிற டெனத்தோர் என்ற முதியவர் தம் மக்களைக் காக்கவேண்டும் என்ற எண்ணத்தோடு இரகசியமாக ஒரு கல்லில் பார்த்துவந்தார். சத்துருவால் அந்தக் கல்லைப் பொய்பேசச் செய்ய முடியவில்லை. ஆனால் எதைக் காட்டவேண்டும் என்று தெரிந்தெடுக்க முடிந்தது. கடைசி நாளில் கறுப்புப் பாய் விரித்த கப்பல்கள் ஆற்றில் ஏறிவருவதை அவர் கண்டார். எல்லாம் முடிந்தது என்று எண்ணி, காய்ச்சலில் கிடந்த தம் மகனையும் சேர்த்துச் சிதையில் வைத்து எரிக்க முற்பட்டார். மகனைப் பிறர் மீட்டார்கள். அவர் தீயில் மாண்டார். கப்பல்கள் வந்தது உண்மைதான். அவற்றில் வந்தவனோ நகரத்தை மீட்கும் அரசன் ஆரகோர்ன்.

ஒரு சிறு விவரத்தை இந்த வாரந்தான் கவனித்தேன். ஃபிரோடோ கலாட்ரியலின் தொட்டியில் கண்டவற்றுள்ளும் கறுப்புப் பாய்க் கப்பல் ஒன்று உண்டு. ஆனால் அங்கே காலை வெளிச்சம் இருக்கிறது. வெள்ளை மரம் பொறித்த கொடி வெயிலில் மின்னுகிறது. கொடியைக் கண்டவனுக்கு அதன் பொருள் விளங்கவில்லை. பொருள் விளங்கக்கூடியவரோ கொடியைக் காணவில்லை.

எந்தோரில் சவுலுக்கும் பொய் சொல்லப்படவில்லை. நாளைக்கு நீயும் உன் குமாரரும் என்னோடிருப்பீர்கள் என்ற பொருளில் வந்த வார்த்தை அப்படியே நிறைவேறியது. அந்த உண்மை அவனுக்கு என்ன செய்தது? அவனை நெடுஞ்சாண்கிடையாகத் தரையில் வீழ்த்தியது. மனந்திரும்பச் செய்யவில்லை. மறுநாள் கில்போவா மலையில் தன் பட்டயத்தின்மேலேயே விழுந்தான்.

பிரியமானவர்களே, இப்படிப்பட்ட கதையை எரிக்கவேண்டும் என்கிறார்கள். அதே மேடையில், அடுத்த வாரம், உங்கள் பெயரையும் தெருவின் பெயரையும் சொல்லி வருங்காலத்தை அறிவிக்க ஒருவர் வருகிறார் என்று சுவரொட்டி ஒட்டுகிறார்கள். வெள்ளித் தொட்டி ஆகாது. கைப்பேசியில் வரும் 'இன்று உனக்கான தீர்க்கதரிசனம்' ஆகுமோ? கலாட்ரியல் காணிக்கை வாங்கவில்லை. பார் என்று வற்புறுத்தவில்லை. தான் காட்டுவதை நம்பிச் செயல்படாதே என்று முன்னமே எச்சரித்தாள். இந்த மூன்றில் ஒன்றையாவது செய்கிற ஊழியர் நம் வீடுகளுக்கு வருகிறாரா? கற்பனை உலகத்து அரசிக்கு இருந்த அச்சம் கூட இல்லாதவர்களை நாம் தேவமனுஷர் என்று அழைக்கிறோம்.

தீர்க்கதரிசன வரத்தை மறுக்கிறாயா என்று எனக்குக் கடிதம் வரும். மறுக்கவில்லை. யோனா நினிவேக்கு நாற்பது நாள் கெடு வைத்தார், நகரம் கவிழ்க்கப்படவில்லை. மக்கள் இரட்டுடுத்தினார்கள், ஆண்டவர் இரங்கினார். கர்த்தருடைய வார்த்தை வந்தபோது அது மனிதனிடம் ஒன்றைக் கேட்டது; மனந்திரும்பு, கொடு, போ, நில் என்றது. அந்தப் பிள்ளையின் வீட்டில் சொல்லப்பட்ட வார்த்தை யாரிடமும் எதையும் கேட்கவில்லை. வெள்ளை அங்கியைக் காட்டிவிட்டுப் போயிற்று. தன் வழியில் நேராய் நடந்துகொண்டிருந்த ஒருவன் வழியை விட்டு விலக்கப்பட்டான். அவன் மருத்துவனாகவே ஆகலாம். அப்பொழுது, பார்த்தீர்களா நிறைவேறியது என்பார்கள். ஆகாமற்போனால் விசுவாசக்குறைவு என்று அவன்மேலேயே பழிபோடுவார்கள். எப்படியாயினும் அந்த ஊழியர் அடுத்த ஊரில் இருப்பார்.

என் பங்கையும் சொல்லிவிடுகிறேன். டிசம்பர் 31ஆம் தேதி நள்ளிரவு ஆராதனையில் தட்டிலிருந்து வாக்குத்தத்த அட்டை எடுக்கச்செய்கிறவன் நானே. சிலர் கண்களை மூடி, விரல் நடுங்க எடுப்பதையும், எதிர்பாராத வசனம் வந்தால் இரகசியமாக அதைத் திரும்ப வைத்துவிட்டு வேறொன்று எடுப்பதையும் இருபது வருடங்களாகப் பீடத்திலிருந்து பார்த்து உள்ளுக்குள் சிரித்திருக்கிறேன். சிரித்திருக்கக்கூடாது. வெள்ளித் தொட்டியை நடுவில் வைத்து நீர் ஊற்றியவன் நான். வரும் வருடப்பிறப்பில் தட்டு இராது. சபை முழுவதற்கும் ஒரே வசனம் வாசிக்கப்படும். வருத்தப்படுகிறவர்கள் என்னிடம் வந்து பேசலாம்.

கலாட்ரியல் சாமுக்குக் கண்ணாடியை மட்டும் காட்டி அனுப்பவில்லை. விடைபெறும் நாளில் ஒரு சிறிய மரப்பெட்டி கொடுத்தாள்; அதில் அவள் தோட்டத்து மண்ணும் ஒரு விதையும் இருந்தன. இது உன்னை வழியில் நிலைநிறுத்தாது, ஆபத்தில் காக்காது, ஒருவேளை நீ வீடு திரும்பினால் உதவும் என்று சொல்லியே கொடுத்தாள். தோழர்களுக்குக் கிடைத்தவற்றோடு ஒப்பிட்டால் அற்பமான பரிசு. சாம் அதைச் சுமந்துகொண்டு சத்துருவின் மலைவரை போனான். நடக்கமாட்டாத எஜமானை முதுகில் தூக்கிக்கொண்டு அந்த மலையில் ஏறினான். திரும்பிவந்தபோது ஊர் தொட்டியில் கண்டபடியே கிடந்தது: மரங்கள் இல்லை, புகைபோக்கி இருந்தது. அன்று பயந்து ஓடிவந்திருந்தால் ஊரையும் காத்திருக்கமாட்டான், எஜமானையும் இழந்திருப்பான். வெட்டுண்ட மரங்களுள் மிக அழகானவையும் பிரியமானவையும் நின்ற இடங்களிலெல்லாம் கன்று நட்டு, வேரடியில் அந்த மண்ணில் ஒரு துகளை இட்டுக்கொண்டே ஊரெங்கும் நடந்தான்.

சகோதரியே, உங்கள் மகனுடைய புத்தகம் பத்திரமாக என்னிடம் இருக்கிறது. வரும் ஞாயிறு அவனே வந்து வாங்கிக்கொள்ளட்டும். எந்தப் படிப்பை விரும்புகிறான் என்று அவன் வாயாலேயே கேட்க எனக்கும் ஆவல். இரண்டாம் பாகத்தின் கடைசி அதிகாரத்தில் ஒரு சீட்டு வைத்திருக்கிறேன். அது அவனுக்கல்ல, உங்களுக்கு. ஆங்கிலம் கடினமாயிருந்தால் அவன் பக்கத்தில் உட்கார்ந்து வாசித்துப் பொருள் சொல்லட்டும்.